டேரியன்: ஸ்காட்லாந்தின் இரண்டு வருடக் காலனி

1705ஆம் ஆண்டு ஏப்ரல் 11ஆம் தேதி. ஸ்காட்லாந்தின் தலைநகரான எடின்பரோவை ஒட்டியுள்ள லீத் துறைமுகம். அங்கே கடற்கரை மணலில் மூன்று ஆங்கிலேயர்களைத் தூக்கில் போட்டார்கள். ஒருவர் தாமஸ் கிரீன், 'உர்ஸ்டர்' என்ற கப்பலின் கேப்டன். மற்ற இருவரும் அதே கப்பலில் வேலை பார்த்த ஜான் மேடர், ஜேம்ஸ் சிம்ப்சன். குற்றம் நடந்ததாகச் சொல்லப்பட்ட இடம் நமக்கு ரொம்பப் பக்கம். கேரளத்தின் மலபார் கரைக்கு அப்பால் கடலில், ஒரு ஸ்காட்லாந்துக் கப்பலைக் கொள்ளையடித்து அதில் இருந்தவர்களைக் கொன்றார்கள் என்பது வழக்கு.

அப்படி ஒரு கொள்ளை நடக்கவே இல்லை! காணாமல் போன 'ஸ்பீடி ரிட்டர்ன்' கப்பலை மடகாஸ்கர் தீவில் வேறு கொள்ளைக்காரர்கள் பிடித்துக்கொண்டார்கள். அதில் வேலை பார்த்துத் தப்பி வந்த இரண்டு மாலுமிகள் இங்கிலாந்தில் சத்தியம் செய்து வாக்குமூலமே கொடுத்திருந்தார்கள். இங்கிலாந்து ராணி ஆன் தண்டனையைத் தள்ளிவைக்கச் சொன்னார். ஆனால் எடின்பரோவில் தெருவில் திரண்டு நின்ற கூட்டத்துக்கு ரத்தம் வேண்டியிருந்தது. ஆட்சிக்குழுவில் இருந்தவர்கள் கூட்டத்துக்குப் பயந்தார்கள். மூன்று பேர் செத்தார்கள்.

முன்பின் தெரியாத மூன்று மாலுமிகள் மீது ஒரு ஊருக்கே ஏன் அவ்வளவு வெறி? அதற்குப் பதில் அட்லாண்டிக் கடலுக்கு அந்தப் பக்கம், பனாமாவில் இருக்கிறது. ஸ்காட்லாந்து தனி நாடாக இருந்தபோது அங்கே ஒரு காலனி அமைத்தது. மொத்தமாகக் கணக்குப் பார்த்தால் அதன் ஆயுள் ஒன்றரை வருடம்கூட இல்லை. நடுவில் சில மாதங்கள் ஆளே இல்லாமலும் கிடந்தது.

கொஞ்சம் பின்னோக்கிப் போவோம். 1603 முதல் இங்கிலாந்துக்கும் ஸ்காட்லாந்துக்கும் ஒரே ராஜாதான். ஆனால் பாராளுமன்றம் வேறு, சட்டம் வேறு, கஜானா வேறு. இங்கிலாந்தின் காலனிகளோடு ஸ்காட்லாந்துக்காரர்கள் நேரடியாக வியாபாரம் செய்ய ஆங்கிலேயச் சட்டம் அனுமதிக்கவில்லை. இங்கிலாந்து பிரான்சோடு சண்டை போட்டால் மட்டும் ஸ்காட்லாந்தின் வியாபாரமும் சேர்ந்து படுத்துவிடும். அதாவது கஷ்டத்தில் பங்கு உண்டு, லாபத்தில் கிடையாது. போதாக்குறைக்கு 1690களில் தொடர்ந்து விளைச்சல் பொய்த்து, நாட்டில் கடும் பஞ்சம் வேறு.

இந்த நேரத்தில்தான் வில்லியம் பேட்டர்சன் வருகிறார். ஸ்காட்லாந்தில் பிறந்து லண்டனில் பெரிய ஆளானவர். 1694ல் தொடங்கிய இங்கிலாந்து வங்கிக்கு யோசனை கொடுத்தவர்களில் முக்கியமானவர். அவர் மனதில் பல வருடங்களாக ஒரு திட்டம் ஓடிக்கொண்டிருந்தது. வட அமெரிக்காவையும் தென் அமெரிக்காவையும் இணைக்கும் பனாமா பூசந்தி ஒரு மெல்லிய நிலத்துண்டு. ஒரு பக்கம் அட்லாண்டிக், மறு பக்கம் பசிபிக். அங்கே எல்லா நாட்டுக் கப்பலும் வந்து போகும் ஒரு சுதந்திரத் துறைமுகம் அமைத்து, ஒரு கடலில் இறக்கிய சரக்கைத் தரைவழியாகக் கொண்டுபோய் மறு கடலில் ஏற்றினால்? தென் அமெரிக்காவின் முனையைச் சுற்றிப் போகும் மாதக்கணக்கான பயணம் மிச்சம். சீனா, ஜப்பான் வியாபாரத்தின் சாவி அந்தத் துறைமுகத்தை வைத்திருப்பவன் கையில். 1914ல் பனாமா கால்வாய் திறந்தபோது உலகத்துக்குப் புரிந்த விஷயத்தை இவர் 200 வருடங்களுக்கு முன்பே பார்த்துவிட்டார். பேட்டர்சனைப் பைத்தியக்காரன் என்று எழுதுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

1695ல் ஸ்காட்லாந்துப் பாராளுமன்றம் ஒரு சட்டம் போட்டு 'ஸ்காட்லாந்துக் கம்பெனி'யை உருவாக்கியது. ஆசியா, ஆப்பிரிக்கா, அமெரிக்காவோடு வியாபாரம் செய்ய ஏகபோக உரிமை. பாதிப் பணத்தை லண்டனில் திரட்டுவதாகத் திட்டம். 3 லட்சம் பவுண்டுக்கு லண்டனில் மளமளவென்று கையெழுத்தும் ஆனது. உடனே ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வயிற்றெரிச்சல். (ஆமாம், நம்மை ஆண்ட அதே கம்பெனிதான்!) அவர்கள் இங்கிலாந்துப் பாராளுமன்றத்தில் போய் முறையிட, முதலீட்டாளர்கள் பயந்து பணத்தைப் பின்வாங்கினார்கள். ஜெர்மனியில் உள்ள ஹாம்பர்க் நகரில் பணம் திரட்டப் பார்த்தால், அங்கிருந்த ஆங்கிலேயத் தூதர் அதையும் கெடுத்தார். ராஜா மூன்றாம் வில்லியம், தான் ஊரில் இல்லாத நேரத்தில் ஸ்காட்லாந்து அதிகாரிகள் இந்தச் சட்டத்துக்குச் சம்மதம் கொடுத்துவிட்டதாகக் கோபப்பட்டார்.

ரோஷம் வந்துவிட்டது ஸ்காட்லாந்துக்கு. "உங்க காசே வேண்டாம்" என்று 1696 பிப்ரவரியில் எடின்பரோவில் பங்குப் புத்தகத்தைத் திறந்தார்கள். பிரபுக்கள், வக்கீல்கள், டாக்டர்கள், வியாபாரிகள், விதவைகள், நகர சபைகள் என்று வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டார்கள். ஆகஸ்டுக்குள் 4 லட்சம் பவுண்டு! நாட்டில் புழங்கிய மொத்தப் பணத்தில் கால் பங்கு என்றும், பாதி என்றும் ஆளுக்கொரு கணக்குச் சொல்கிறார்கள். இதில் ஒரு விஷயம் கவனிக்க வேண்டும். 4 லட்சம் என்பது கொடுப்பதாக ஒப்புக்கொண்ட தொகை. தவணை தவணையாக உண்மையில் கைக்கு வந்தது ஒன்றரை லட்சத்துக்குச் சற்று மேல்தான். பஞ்சம் வாட்டிய நாட்டுக்கு அதுவே பெரிய தொகை.

1698 ஜூலையில் லீத் துறைமுகத்திலிருந்து ஐந்து கப்பல்கள் கிளம்பின. சுமார் 1200 பேர். போர் முடிந்து வேலையில்லாமல் இருந்த சிப்பாய்கள் நிறைய பேர். எங்கே போகிறோம் என்பதே பெரும்பாலானவர்களுக்குத் தெரியாது. சேருமிடம் முத்திரையிட்ட உறைக்குள் இருந்தது. பேட்டர்சனும் மனைவியோடு கிளம்பினார், ஆனால் தலைவராக அல்ல, சாதாரணப் பயணியாக. அவர் நம்பி ஒப்படைத்த கம்பெனிப் பணத்தில் ஒருவர் கையாடல் செய்துவிட்டதால் பேட்டர்சனை நிர்வாகத்திலிருந்தே தள்ளிவைத்திருந்தார்கள். திட்டத்தை முழுதாகப் புரிந்த ஒரே மனிதனுக்கு அதிகாரம் இல்லை.

கப்பலில் ஏற்றிய சரக்கைப் பற்றி இன்றும் கேலி செய்வார்கள். வெப்ப மண்டலக் காட்டுக்குக் கம்பளித் துணி, காலுறை, தொப்பி, செயற்கை முடி (விக்), சீப்பு, பைபிள் எல்லாம் கொண்டுபோனார்கள் என்று. கேலி பாதி நியாயம். அதில் நிறைய அவர்கள் உடுத்துவதற்கல்ல, அந்தப் பக்கம் உள்ள ஆங்கிலேயக் காலனிகளிலும் வந்துபோகும் கப்பல்களிலும் விற்பதற்கு. விற்க முடிந்ததா என்பதுதான் பிரச்சினை. அதற்கு அப்புறம் வருவோம்.

நவம்பர் ஆரம்பத்தில் டேரியன் கரையில் இறங்கினார்கள். ஊருக்கு 'நியூ எடின்பரோ', கோட்டைக்கு 'செயின்ட் ஆண்ட்ரூ', நாட்டுக்கு 'கலிடோனியா' என்று பெயர் வைத்தார்கள். (பசிபிக் கடலில் பிரான்சிடம் உள்ள நியூ கலிடோனியா வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம்.) அந்தப் பகுதியின் பூர்வகுடிகளான குனா மக்கள் பகை காட்டவில்லை. ஸ்பெயின்காரர்களிடம் பட்ட அடியில், அவர்களுக்கு எதிராக யார் வந்தாலும் நண்பன் என்ற நிலையில் இருந்தார்கள். தலைவர்கள் சிலர் உடன்படிக்கையும் செய்துகொண்டார்கள். டிசம்பர் 28ஆம் தேதி காலனியின் சார்பில் ஓர் அறிவிப்பு வந்தது. எந்த நாட்டவரும் இங்கே வந்து வியாபாரம் செய்யலாம், மத சுதந்திரம் உண்டு என்று. அந்தக் காலத்துக்கு அது பெரிய வார்த்தை.

ஆனால் வேலை தொடங்கிய விதத்தைப் பாருங்கள். ஏழு பேர் கொண்ட கவுன்சில், அதன் தலைவர் பதவி வாரத்துக்கு ஒருவர் என்று சுற்றி வரும்! இந்த வாரம் ஒருவர் போட்ட உத்தரவை அடுத்த வாரம் இன்னொருவர் மாற்றுவார். தேர்ந்தெடுத்த துறைமுகம் பார்க்க அழகு, ஆனால் வடக்குக் காற்று அடித்தால் உள்ளே வந்த கப்பல் வெளியே போக முடியாது. கொண்டுவந்த உணவு கெட்டுப்போயிருந்தது. மழைக்காலம் வந்ததும் காய்ச்சலும் வயிற்றுப்போக்கும். கொசுதான் காய்ச்சலைக் கொண்டுவருகிறது என்று உலகத்துக்குத் தெரிய இன்னும் 200 வருடம் இருந்தது. பேட்டர்சனின் மனைவி இறங்கிய சில நாட்களிலேயே இறந்துபோனார். உச்சத்தில் ஒரு நாளைக்குப் பத்துப் பேர் வரை செத்தார்கள்.

உணவு வாங்க வெளியே போகலாமே? இங்கேதான் ராஜா வருகிறார். டேரியன் ஸ்பெயினுக்குச் சொந்தம் என்பது ஸ்பெயினின் வாதம். பெரு நாட்டு வெள்ளி அந்தப் பூசந்தி வழியாகத்தான் வந்து கப்பலேறும். ஸ்பெயினின் போர்ட்டோபெல்லோ ஒரு பக்கம், கார்ட்டஹேனா மறு பக்கம், இவர்கள் சரியாக நடுவில் போய் உட்கார்ந்திருந்தார்கள். வில்லியமுக்கோ பிரான்சை அடக்க ஸ்பெயினின் நட்பு தேவை. எனவே 1699 தொடக்கத்தில் ஆங்கிலேயக் காலனிகளுக்கெல்லாம் உத்தரவு போனது. இந்த ஸ்காட்லாந்துக்காரர்களுக்கு யாரும் உணவோ ஆயுதமோ எந்த உதவியோ தரக்கூடாது. ஏப்ரலில் ஜமைக்கா கவர்னர் அதைப் பகிரங்கமாக அறிவித்தார். பசியில் சாகிறவர்களுக்கும் அவர்தான் ராஜா, பட்டினி போடச் சொன்னவரும் அதே ராஜா! கம்பளியும் விக்கும் விலைபோகாமல் போனதற்குக் காரணம் வெயில் மட்டுமல்ல.

இந்தச் செய்தி வந்ததும் காலனி மனம் உடைந்தது. ஸ்காட்லாந்திலிருந்து ஒரு கடிதம்கூட வரவில்லை, ஸ்பானியப் படை வருகிறது என்ற பேச்சு வேறு. 1699 ஜூனில் எல்லோரும் கப்பலேறினார்கள். காய்ச்சலில் கிடந்த பேட்டர்சன் போகக்கூடாது என்று எதிர்த்தார், அவரையும் தூக்கித்தான் ஏற்றினார்கள். திரும்பும் வழியிலும் நூற்றுக்கணக்கில் சாவு. கிளம்பிய ஐந்து கப்பல்களில் 'கலிடோனியா' ஒன்றுதான் ஸ்காட்லாந்து திரும்பியது. அதன் கேப்டன் ராபர்ட் டிரம்மண்ட். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இனிமேல் நடந்ததுதான் கொடுமை. அந்தக் காலத்தில் செய்தி கப்பல் வேகத்தில்தான் வரும். காலனி அமைந்த நல்ல செய்தி 1699 மார்ச்சில் எடின்பரோ வந்து, மணியடித்துக் கொண்டாடினார்கள். இரண்டு உதவிக் கப்பல்கள் கிளம்பி ஆகஸ்டில் டேரியன் போய்ச் சேர்ந்தால், ஆளில்லாத குடிசைகளும் கல்லறைகளும்தான் இருந்தன. பத்தாததற்கு ஒருவன் மெழுகுவத்தியை வைத்துக்கொண்டு பீப்பாயிலிருந்து பிராந்தி எடுக்கப்போய், 'ஆலிவ் பிராஞ்ச்' என்ற கப்பல் உணவோடு சேர்ந்து எரிந்து மூழ்கியது. செப்டம்பரில் காலனி காலியாகிவிட்டது என்ற வதந்தி எடின்பரோவில் பரவியது. இங்கிலாந்து கட்டிவிட்ட பொய் என்று கம்பெனி அதை நம்ப மறுத்தது. 24ஆம் தேதி நான்கு கப்பல்களில் சுமார் 1300 பேர் கிளம்பிவிட்டார்கள். அடுத்த சில நாட்களில் வதந்தி உண்மை என்று தெரிந்தது. கூப்பிட்டுத் திருப்ப வழியில்லை.

கட்டி முடித்த ஊருக்குப் போகிறோம் என்று நினைத்து வந்தவர்கள் நவம்பர் 30ஆம் தேதி புதர் மண்டிய கோட்டையைப் பார்த்தார்கள். வழியிலேயே 150 பேருக்கு மேல் இறந்திருந்தார்கள். மறுபடியும் காய்ச்சல், சண்டை, பசி. ஒரே ஒரு நல்ல மாதம் 1700 பிப்ரவரி. அலெக்சாண்டர் கேம்ப்பெல் என்ற அனுபவசாலியான சிப்பாய் (ஃபோனாப் என்று அவர் ஊர்ப்பெயரால் அழைப்பார்கள்) வந்து சேர்ந்து, குனா வீரர்களையும் சேர்த்துக்கொண்டு டூபகான்டி என்ற இடத்தில் ஸ்பானியப் படையை விரட்டியடித்தார். ஆனால் சில நாட்களில் கார்ட்டஹேனா கவர்னர் பிமியென்டா கடலிலும் தரையிலும் வந்து முற்றுகை போட்டார். மார்ச் 31ஆம் தேதி சரணடைய ஒப்புக்கொண்டார்கள். ஃபோனாப் மட்டும் கையெழுத்துப் போட மறுத்தார். நிபந்தனைகள் கௌரவமானவைதான்: கொடியோடும் ஆயுதத்தோடும் போகலாம்.

சரணடைவுப் பேச்சில் ஒரு சின்ன சம்பவம். அலெக்சாண்டர் ஷீல்ட்ஸ் என்ற பாதிரியார், நமக்கு உதவிய குனா மக்களைத் துன்புறுத்தக்கூடாது என்று பிமியென்டாவிடம் கேட்டார். லத்தீனில்தான் இருவருக்கும் பேச்சு. உன் வேலையைப் பார் என்று பதில் வந்தது. பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்தார் பாதிரியார். அதற்கு மேல் யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. கப்பலில் ஏறிப் போகிறவர்களுக்கு உடன்படிக்கை இருந்தது, அங்கேயே இருக்க வேண்டியவர்களுக்கு இல்லை.

ஜூன் மாதம் டூபகான்டி வெற்றிச் செய்தி எடின்பரோ வந்தது. தெருவெல்லாம் விளக்கு, கொண்டாட்டம். விளக்கு வைக்காத வீட்டின் ஜன்னல்களை உடைத்தார்கள், சிறைக் கதவைத் திறந்துவிட்டார்கள். அவர்கள் கொண்டாடிக்கொண்டிருந்தபோது காலனி போய் இரண்டு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது.

இரண்டு பயணத்திலும் சேர்த்து இறந்தவர்கள் சுமார் 2000 பேர். இப்போது அந்த லீத் கடற்கரைக்குத் திரும்புவோம். மிச்சமிருந்த பணத்தில் கம்பெனி கீழை நாடுகளுக்குக் கப்பல் அனுப்பியது. அதில் ஒன்றுதான் 'ஸ்பீடி ரிட்டர்ன்'. அதன் கேப்டன் யார் தெரியுமா? டேரியனிலிருந்து உயிரோடு திரும்பிய அதே ராபர்ட் டிரம்மண்ட்! கப்பல் திரும்பி வரவில்லை. 1704ல் கம்பெனியின் இன்னொரு கப்பலான 'அனண்டேலை' கிழக்கிந்தியக் கம்பெனி இங்கிலாந்தில் பிடித்து வைத்துக்கொண்டது. அதே வருடம் லீத் பக்கம் நங்கூரம் போட்ட 'உர்ஸ்டரை', கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பல் என்று நினைத்து, கம்பெனிச் செயலாளர் ஆட்களோடு விருந்தாளி போல ஏறிப் பிடித்தார். அந்த மாலுமிகள் குடிபோதையில் உளறியதும் ஆளுக்கு ஆள் சொன்னதும் சேர்ந்து கொலை வழக்கு ஆனது. டேரியனுக்கு யாரையாவது பழிவாங்க வேண்டும். ராஜாவைத் தூக்கில் போட முடியாது, கிரீனைப் போட முடிந்தது.

அடுத்த இரண்டு வருடத்தில் எல்லாம் முடிந்தது. இரு நாடுகளையும் இணைக்கும் ஒப்பந்தத்தை 1707 ஜனவரியில் ஸ்காட்லாந்துப் பாராளுமன்றம் 110க்கு 67 என்று நிறைவேற்றியது. மே 1ஆம் தேதி அந்தப் பாராளுமன்றமே இல்லாமல் போனது. அந்த ஒப்பந்தத்தில் ஒரு ஷரத்து: இங்கிலாந்து 3,98,085 பவுண்டு தரும். அதில் சுமார் 2 லட்சத்து 30 ஆயிரம், டேரியனில் பணம் போட்டவர்களுக்கும் கம்பெனியின் கடன்காரர்களுக்கும். முதலும் உண்டு, வருடத்துக்கு 5 சதவீத வட்டியும் உண்டு! கூடவே கம்பெனியை மூடிவிட வேண்டும். ஓட்டுப் போட்ட உறுப்பினர்களில் பலர் பங்குதாரர்கள். நாட்டை விற்றுவிட்டார்கள் என்று ஒரு கட்சி, ஆங்கிலேயச் சந்தையும் பாதுகாப்பும் கிடைக்கும் என்று நினைத்துதான் ஓட்டுப் போட்டார்கள் என்று இன்னொரு கட்சி. வரலாற்று ஆசிரியர்களிடையே அந்தச் சண்டை இன்னும் ஓயவில்லை. இரண்டும் ஒரே ஆள் மனதில் சேர்ந்து இருந்திருக்கலாம் என்பதுதான் நம்பத்தக்கதாகத் தெரிகிறது. இன்னொரு வேடிக்கை, இது இனாம் பணம் இல்லை. இங்கிலாந்தின் பழைய கடனை அடைக்க ஸ்காட்லாந்து மக்கள் இனிமேல் கட்டப்போகும் வரிக்கு ஈடாகக் கொடுத்தது. அதாவது பங்குதாரர்களின் நஷ்டத்தைக் கடைசியில் பீருக்கும் உப்புக்கும் வரி கட்டிய சாதாரண ஜனங்கள்தான் அடைத்தார்கள். ஆகஸ்டில் பணவண்டிகள் எடின்பரோவுக்குள் வந்தபோது கூட்டம் கல்லால் அடித்தது. அதிலும் நாணயமாக வந்தது ஒரு லட்சம்தான், மீதி காகிதம். அந்த ஈட்டுத்தொகைப் பத்திரங்களை வைத்திருந்தவர்கள் சேர்ந்துதான் 1727ல் ராயல் பேங்க் ஆஃப் ஸ்காட்லாந்தைத் தொடங்கினார்கள். பேட்டர்சனுக்கு ஈடு கிடைக்க 1715 வரை ஆனது, 1719ல் இறந்தார்.

இரண்டாவது பயணத்தின் பெரிய கப்பல் 'ரைசிங் சன்' திரும்பும் வழியில் 1700 செப்டம்பரில் அமெரிக்காவின் சார்ல்ஸ்டன் துறைமுகத்துக்கு வெளியே புயலில் உடைந்து, உள்ளே இருந்த எல்லோரும் போனார்கள். முன்னதாகப் பிரசங்கம் செய்யக் கரைக்கு அழைத்ததால் ஆர்ச்சிபால்ட் ஸ்டோபோ என்ற பாதிரியார் மனைவியோடு பிழைத்தார். அங்கேயே தங்கிவிட்ட அவருடைய மகள் வழி வம்சத்தில் வந்தவர்தான் தியோடர் ரூஸ்வெல்ட். பனாமா கால்வாயை அமெரிக்கா வெட்டத் தொடங்கியபோது ஜனாதிபதியாக இருந்தவர்!

டேரியன் கரை மறுபடி காடாகிவிட்டது. 1979ல் ஒரு ஆய்வுக் குழு போய், தீப்பிடித்து மூழ்கிய 'ஆலிவ் பிராஞ்சின்' மிச்சங்களைக் கடலடியில் கண்டுபிடித்தது. கோட்டையைச் சுற்றி ஸ்காட்லாந்துக்காரர்கள் பவளப்பாறையில் வெட்டிய அகழி இன்னும் தெரிகிறது. ஸ்பெயினின் ஆட்சி போனது, பனாமாவை வைத்திருந்த கொலம்பியாவும் 1903ல் போனது. 1925ல் குனா மக்கள் பனாமா அரசுக்கு எதிராகக் கிளர்ச்சி செய்து தன்னாட்சி வாங்கினார்கள். ஸ்பானிய மொழியில் 'ஸ்காட்லாந்துக்காரர் துறைமுகம்' என்று வழங்கிய அந்த விரிகுடா இன்று குனா யாலா என்ற அவர்களுடைய பகுதிக்குள்தான் இருக்கிறது.